30 லட்சம் வாங்கினால் 60 லட்சம்: வீட்டுக் கடனின் உண்மையான விலை என்ன?

செஞ்சிக் கோட்டையை முகலாயப் படை முற்றுகையிட்டது 1690-ல். கோட்டை கைக்கு வந்தது 1698-ல். மூன்று மலைகளை மதிலால் இணைத்துக் கட்டிய கோட்டை என்பதால் எட்டு ஆண்டுகள் பிடித்தது. இன்று அதே செஞ்சியில் ஒருவர் வீட்டுக் கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடுகிறார் என்றால், அந்தக் கணக்கு முடிய 20 ஆண்டுகள் ஆகும். முகலாயர் காத்திருந்ததைப் போல இரண்டரை மடங்கு.

ஆனால் கையெழுத்துப் போடும் நாளில் நாம் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்விதான்: "மாசம் எவ்வளவு கட்டணும்?" கேட்க வேண்டிய இன்னொரு கேள்வியை விட்டுவிடுகிறோம்: "மொத்தம் எவ்வளவு கட்டி முடிப்பேன்?"

இந்த இரண்டாவது கேள்விக்கு விடை தேடுவோம். கணக்குக்காக ஒருவரை வைத்துக்கொள்வோம். வயது 32. சென்னையில் வேலை, வாடகை வீடு. சொந்த ஊரான செஞ்சியில் அப்பா எப்போதோ வாங்கிப்போட்ட மனை இருக்கிறது. அதில் வீடு கட்ட 30 லட்சம் ரூபாய் கடன், 8 சதவீத வட்டி, 20 ஆண்டு. ஆள் கற்பனைதான், கணக்கு நிஜம்.

67 பைசா வட்டி எப்படி இரண்டு மடங்கு ஆகிறது?

ஊர்ப்பக்கம் வட்டியை ஆண்டுக் கணக்கில் யாரும் சொல்வதில்லை. "ஒரு ரூபா வட்டி", "ரெண்டு ரூபா வட்டி" என்பார்கள். நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்பது அதன் பொருள். ஒரு ரூபாய் வட்டி என்றால் ஆண்டுக்கு 12 சதவீதம். அந்தக் கணக்கில் 8 சதவீத வீட்டுக் கடன் வெறும் 67 பைசா வட்டி. கைமாற்றுக் கடனோடு ஒப்பிட்டால் மலிவுதான். அதில் சந்தேகமில்லை.

ஆனால் நம் நண்பர் கட்டப்போகும் தொகையைப் பாருங்கள்.

மாதத் தவணை (இஎம்ஐ): 25,093 ரூபாய்
மொத்தத் தவணைகள்: 240
மொத்தமாகக் கட்டுவது: சுமார் 60.22 லட்சம்
அதில் வட்டி மட்டும்: சுமார் 30.22 லட்சம்

வாங்கிய கடனைவிட வட்டி அதிகம். ஒரு வீட்டுக்குப் பணம் வாங்கி, இரண்டு வீட்டுக்குப் பணம் கட்டுகிறோம்.

இன்னொரு ஒப்பீடு. அதே 30 லட்சத்தை ஒருவர் இரண்டு ரூபாய் வட்டிக்கு, அதாவது ஆண்டுக்கு 24 சதவீதத்துக்கு வாங்கி, ஏழே ஆண்டில் தவணையாக அடைத்துவிட்டால் அவர் கட்டும் வட்டி சுமார் 32 லட்சம். கிட்டத்தட்ட அதே தொகை! அதற்காக யாரும் இரண்டு ரூபாய் வட்டிக்குப் போகப்போவதில்லை, போகவும் கூடாது. மாதம் 74 ஆயிரம் கட்ட வேண்டியிருக்கும். இதிலிருந்து தெரிந்துகொள்ள வேண்டியது ஒன்றுதான்: வீட்டுக் கடனில் செலவை ஏற்றுவது வட்டி விகிதம் மட்டுமல்ல, வருடங்கள்.

முதல் ஐந்து ஆண்டுகளில் என்ன நடக்கிறது?

மாதத் தவணை எப்போதும் ஒரே தொகைதான். ஆனால் அதற்குள் வட்டிக்குப் போகும் பங்கும் அசலுக்குப் போகும் பங்கும் ஒவ்வொரு மாதமும் மாறுகின்றன.

முதல் மாதத்தில் 30 லட்சத்துக்கான வட்டி 20,000 ரூபாய். தவணையில் அது போக மீதமுள்ள 5,093 ரூபாய்தான் கடனைக் குறைக்கிறது. அடுத்த மாதம் கடன் கொஞ்சம் குறைந்திருக்கும், வட்டியும் கொஞ்சம் குறையும், அசலுக்குப் போவது கொஞ்சம் கூடும். இப்படியே எறும்பு ஊர்வது போல நகரும்.

ஐந்து ஆண்டு முடிவில் நம் நண்பர் கட்டியிருப்பது 15 லட்சத்துக்கும் மேல். கடன் எவ்வளவு குறைந்திருக்கும்? 3.74 லட்சம் மட்டுமே. மீதி 11.3 லட்சம் வட்டி. வங்கி அறிக்கையைத் திறந்தால் இன்னும் 26.26 லட்சம் பாக்கி என்று காட்டும். "அஞ்சு வருஷமா கட்டுறேன், கடன் குறையவே இல்லையே" என்று பலர் அதிர்ச்சி அடைவது இந்த இடத்தில்தான். வங்கி ஏமாற்றவில்லை. கணக்கே அப்படித்தான்.

கடன் பாதியாக, அதாவது 15 லட்சமாகக் குறைய எத்தனை ஆண்டு? 10 என்று நினைத்தால் தவறு. 13 ஆண்டு 8 மாதம்.

தவணைக் காலத்தை நீட்டினால் என்ன ஆகும்?

"இஎம்ஐ கொஞ்சம் அதிகமா இருக்கா? 30 வருஷம் போட்டுக்கலாம் சார், குறைஞ்சிடும்" என்று சொல்லக் கேட்டிருப்பீர்கள். குறையும், உண்மைதான். எவ்வளவு குறைகிறது, அதற்கு என்ன விலை என்பதைப் பாருங்கள். 30 லட்சம் கடன், 8 சதவீத வட்டி:

10 ஆண்டு: தவணை 36,398 ரூபாய். மொத்த வட்டி 13.68 லட்சம்
15 ஆண்டு: தவணை 28,670 ரூபாய். மொத்த வட்டி 21.61 லட்சம்
20 ஆண்டு: தவணை 25,093 ரூபாய். மொத்த வட்டி 30.22 லட்சம்
25 ஆண்டு: தவணை 23,154 ரூபாய். மொத்த வட்டி 39.46 லட்சம்
30 ஆண்டு: தவணை 22,013 ரூபாய். மொத்த வட்டி 49.25 லட்சம்

20 ஆண்டை 30 ஆண்டாக்கினால் மாதம் மிச்சமாவது சுமார் 3,080 ரூபாய். அதற்காகக் கூடுதலாகக் கட்டுவது 19 லட்சம். மறுபக்கம், 20 ஆண்டை 15 ஆக்கினால் மாதம் 3,577 ரூபாய் கூடும். ஆனால் வட்டியில் 8.6 லட்சம் மிச்சம். அது மட்டுமல்ல, 52 வயதில் முடியும் கடன் 47-லேயே முடிந்துவிடும். பிள்ளைகளின் கல்லூரிச் செலவு வரும் நேரத்தில் அந்த ஐந்து ஆண்டுகளின் அருமை புரியும்.

2022-ல் என்ன நடந்தது?

மேலே சொன்னதெல்லாம் வட்டி 20 ஆண்டும் 8 சதவீதத்திலேயே இருக்கும் என்ற கற்பனையில் போட்ட கணக்கு. நிஜத்தில் வீட்டுக் கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டியில்தான் இருக்கின்றன. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதி கொண்டுவந்தது. பெரும்பாலான வங்கிகள் தேர்ந்தெடுத்த அளவுகோல் ரெப்போ விகிதம். ரெப்போ ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும், இறங்கினால் இறங்கும்.

கொரோனா காலத்தில், 2020 மே மாதம், ரெப்போ 4 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. வீட்டுக் கடன் வட்டி 7 சதவீதத்துக்கும் கீழே கூட வந்தது. "இதைவிட நல்ல நேரம் வராது" என்று பலர் அப்போது கடன் வாங்கினார்கள். பிறகு 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ஆறு முறை ரெப்போ உயர்த்தப்பட்டு 6.5 சதவீதம் ஆனது. மொத்த உயர்வு 2.5 சதவீதம்.

இது ஒரு கடனாளியை எப்படித் தாக்கியிருக்கும்? 7 சதவீதத்தில் 30 லட்சம், 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 23,259 ரூபாய். ஓராண்டு கட்டிய பிறகு பாக்கி சுமார் 29.29 லட்சம். எளிமைக்காக, அந்த இடத்தில் வட்டி ஒரே தாவலில் 9.5 சதவீதம் ஆனது என்று வைத்துக்கொள்வோம். அப்போது ஒரு மாத வட்டி மட்டும் 23,185 ரூபாய். தவணை 23,259 ரூபாய். ஆக, அசலுக்குப் போவது வெறும் 74 ரூபாய்!

தவணையை மாற்றாமல் அப்படியே விட்டால் அந்தக் கடன் முடிய இன்னும் சுமார் 60 ஆண்டுகள் ஆகும். 30-களில் வாங்கிய கடனை 90 வயதுவரை கட்ட வேண்டும். காலத்தை நீட்டாமல் மீதமுள்ள 19 ஆண்டுகளிலேயே முடிக்க வேண்டுமென்றால் தவணை சுமார் 27,790 ரூபாயாக உயர வேண்டும். மாதம் 4,500 ரூபாய் கூடுதல்.

அந்த நாட்களில் தவணைத் தொகை மாறாததால் பலருக்கு எதுவும் நடந்ததாகவே தெரியவில்லை. வங்கிக் கணக்கிலிருந்து வழக்கமான தொகைதான் போனது. பின்னணியில் வருடங்கள் மட்டும் நீண்டுகொண்டிருந்தன. ஒருநாள் செயலியைத் திறந்து பார்த்தபோதுதான் "மீதித் தவணைகள்" என்ற எண் தூக்கிவாரிப் போட்டது.

இதையடுத்து 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. அதன்படி, வட்டி மாறும்போது கடனாளியிடம் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்பதைத் தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைத் தர வேண்டும். வங்கியின் கொள்கைப்படி நிலையான வட்டிக்கு மாறவும் வழி தர வேண்டும் என்று அப்போது சொல்லப்பட்டது; இப்போது அது வங்கியின் விருப்பம். அசல் குறையாமல் ஏறும் நிலை வரக்கூடாது. இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி, இன்னும் எத்தனை தவணை என்ற அறிக்கையை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தர வேண்டும்.

இப்போது காற்று திசை மாறியிருக்கிறது. 2025 பிப்ரவரியில் தொடங்கிய ரெப்போ குறைப்பு, டிசம்பரில் 5.25 சதவீதத்தில் வந்து நின்றது. மொத்தம் 1.25 சதவீதக் குறைவு. ரெப்போவோடு இணைந்த கடன் உள்ளவர்கள் ஒன்றைச் சரிபார்க்க வேண்டும்: இந்தக் குறைப்பு உங்களுக்கு வந்துசேர்ந்ததா? வந்திருந்தால் தவணை குறைந்ததா, காலம் குறைந்ததா? முடிந்தால் பழைய தவணையையே தொடர்ந்து கட்டி, காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். பழகிய தொகைதானே, புதிதாக வலிக்காது.

ஒரு எச்சரிக்கை. வெளி அளவுகோல் விதி வங்கிகளுக்குத்தான். வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்ளலாம். அங்கே ரெப்போ குறைந்ததும் வட்டி தானாகக் குறைந்துவிடும் என்று எதிர்பார்க்க முடியாது.

கடன் தொகையில் தெரியாத செலவுகள்

வட்டி பெரிய செலவு. ஆனால் அது மட்டுமே செலவு அல்ல.

பத்திரப் பதிவு: மனை அல்லது வீடு வாங்கினால் தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், ஆக 9 சதவீதம். 10 லட்சம் ரூபாய் மனைக்கு 90 ஆயிரம். பெண்கள் பெயரில் பதிவு செய்தால், 10 லட்சம் வரை மதிப்புள்ள சொத்துக்கு 2025 ஏப்ரல் 1 முதல் பதிவுக் கட்டணத்தில் 1 சதவீதம் சலுகை உண்டு. இந்தச் செலவை வழக்கமாகக் கடன் கணக்கில் சேர்க்க மாட்டார்கள். கையில் இருந்து போட வேண்டும்.

சொந்தப் பங்கு: 30 லட்சம் வரையிலான கடனுக்குச் சொத்து மதிப்பில் அதிகபட்சம் 90 சதவீதம்தான் வங்கி தரலாம். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரை 80 சதவீதம், அதற்கும் மேல் 75 சதவீதம். மீதியை நகைக் கடன், தனிநபர் கடன் என்று இன்னொரு இடத்தில் புரட்டினால் அந்த வட்டியும் வீட்டின் விலைதான்.

கட்டணங்கள்: செயல்முறைக் கட்டணம், அதன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி, வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், வில்லங்கச் சான்று, பத்திரத்தை ஒப்படைத்ததற்கான பதிவு. தனித்தனியாகப் பார்த்தால் சின்னத் தொகைகள். கூட்டினால் ஒரு மாதச் சம்பளம் போகும்.

காப்பீடு: கடனோடு சேர்த்து ஆயுள் காப்பீடும் எடுக்கச் சொல்வார்கள். காப்பீடு எடுப்பது நல்லதுதான். குடும்பத்தின் தலையில் கடன் விழாது. ஆனால் ஒரே தடவையாகக் கட்டும் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால் அதற்கும் 20 ஆண்டு வட்டி ஓடும். 60 ஆயிரம் பிரீமியம், தவணையாகக் கட்டி முடிக்கும்போது 1.2 லட்சம் ஆகியிருக்கும். தனியாக டேர்ம் பாலிசி எடுத்தால் எவ்வளவு ஆகும் என்று ஒப்பிட்டுப் பாருங்கள்.

கட்டும் கால வட்டி: மனையில் வீடு கட்டினால் வங்கி மொத்தப் பணத்தையும் ஒரே நாளில் தராது. பேஸ்மென்ட், லிண்டல், ரூஃப் என்று கட்டம் கட்டமாகத்தான் விடுவிக்கும். வீடு முடியும்வரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டுவீர்கள். இதில் ஒரு ரூபாய்கூட அசல் குறையாது. சராசரியாக 15 லட்சம் ஓராண்டு நிலுவையில் இருந்தால் 1.2 லட்சம் ரூபாய் போயிருக்கும். வேலை இழுத்தால் இதுவும் இழுக்கும்.

இரட்டைச் சுமை: சென்னையில் வேலை, செஞ்சியில் வீடு என்றால் தவணையோடு வாடகையும் உண்டு. வாடகை 15 ஆயிரம் என்றால் இருக்க இடத்துக்கான மாதச் செலவு 40 ஆயிரம். அப்பா, அம்மா நிம்மதியாகக் குடியிருக்கிறார்கள் என்றால் அதற்கு ஒரு மதிப்பு உண்டு. பூட்டிக் கிடக்கும் வீட்டுக்கு அப்படிச் சொல்ல முடியாது.

செஞ்சிக்கே உரிய இன்னொரு விஷயமும் உண்டு. 2025 ஜூலையில் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்த மராத்தியர் கோட்டைகள் 12-ல் தமிழ்நாட்டில் இருப்பது செஞ்சி மட்டும்தான். ஊருக்குப் பெருமை. ஆனால் "கோட்டை தெரியுற மனை" என்று யாராவது காட்டினால் ஒரு நிமிடம் நின்று யோசியுங்கள். கோட்டை, இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள சின்னம். 2010-ல் திருத்தப்பட்ட சட்டப்படி, பாதுகாக்கப்பட்ட பகுதியின் எல்லையிலிருந்து 100 மீட்டர் வரை புதுக் கட்டுமானத்துக்குத் தடை. அதற்கு அடுத்த 200 மீட்டருக்குள் கட்ட முன் அனுமதி தேவை. அனுமதி இல்லாத இடத்தில் கட்டட வரைபட ஒப்புதலும் கிடைக்காது, வங்கிக் கடனும் கிடைக்காது. மனைக்குக் கொடுத்த பணம் அப்படியே முடங்கிப்போகும்.

வரிச் சலுகை இருக்கிறதே?

"வீட்டுக் கடன் வாங்குனா டாக்ஸ் மிச்சம்" என்பது நம் அண்ணன்கள் காலத்து அறிவுரை. பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டின் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. நம் நண்பரின் முதலாண்டு வட்டி சுமார் 2.38 லட்சம். அதில் 38 ஆயிரத்துக்குச் சலுகை இல்லை.

புதிய வரி முறையைத் தேர்ந்தெடுத்தால், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தக் கழிவே கிடையாது. அந்த முறையில் 2025-26 நிதியாண்டு முதல் ஆண்டுச் சம்பளம் 12.75 லட்சம் வரை உள்ளவர்களுக்கு எப்படியும் வரி இல்லை. கட்ட வேண்டிய வரியே இல்லாதபோது மிச்சம் பிடிக்க என்ன இருக்கிறது? எனவே வரியைக் காரணம் காட்டிக் கடன் வாங்க வேண்டாம்.

உண்மையில் பயன்படக்கூடிய ஒரு சலுகை உண்டு. நகர்ப்புறப் பிரதமர் வீட்டுவசதித் திட்டத்தின் இரண்டாம் கட்டத்தில், ஆண்டு வருமானம் 9 லட்சம் வரை உள்ள, நாட்டில் எங்கும் சொந்தமாக கான்கிரீட் வீடு இல்லாத குடும்பங்களுக்கு வட்டி மானியம் அதிகபட்சம் 1.80 லட்சம், ஐந்து ஆண்டுத் தவணைகளில் தரப்படுகிறது. கடன் 25 லட்சத்துக்குள்ளும் வீட்டின் மதிப்பு 35 லட்சத்துக்குள்ளும் இருக்க வேண்டும். நம் நண்பர் 30 லட்சம் கேட்டதால் இதை இழக்கிறார். அவர் பட்ஜெட்டை மறுபடி பார்க்க இதுவே ஒரு காரணம்.

அப்போ கடனே வாங்கக் கூடாதா?

அப்படி இல்லை. "வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார்" என்று சொன்னவர்களும் இரண்டையும் செய்து பார்த்தவர்கள்தான்.

கணக்கின் மறுபக்கத்தையும் பார்ப்போம். 60 லட்சம் என்பது இன்று கட்டும் தொகை அல்ல, 20 ஆண்டில் பரவிக் கிடக்கும் தொகை. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், 20-வது ஆண்டில் கட்டும் 25,093 ரூபாய்க்கு இன்றைய மதிப்பில் சுமார் 9,450 ரூபாய்தான். சம்பளம் ஏறும், தவணை அநேகமாக அங்கேயே நிற்கும். வாடகையோ ஏறிக்கொண்டே போகும், கடைசியில் கையில் எதுவும் மிஞ்சாது. வீடு மிஞ்சும்.

ஆகவே கடன் வாங்குவது தவறு அல்ல. மொத்த விலை தெரியாமல் வாங்குவதுதான் தவறு. தெரிந்தால் அதைக் குறைக்கவும் வழி உண்டு.

செலவைக் குறைக்க என்ன வழி?

மாறும் வட்டியில் உள்ள தனிநபர் வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் வசூலிக்கக் கூடாது என்பது 2012-லேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குப் போட்ட உத்தரவு. இதைப் பயன்படுத்தாமல் விடுவதுதான் நாம் செய்யும் பெரிய நஷ்டம்.

எப்போது கட்டுகிறோம் என்பது எவ்வளவு கட்டுகிறோம் என்பதைப் போலவே முக்கியம். நம் நண்பர் முதலாண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், 17 தவணைகள் குறையும். போட்ட ஒரு லட்சம் போக மிச்சமாகும் வட்டி சுமார் 3.3 லட்சம். அதே ஒரு லட்சத்தை 15-வது ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 46 ஆயிரம்தான். ஒரே ஒரு லட்சம்தான், நேரம்தான் வேறு.

பெரிய தொகை கையில் இல்லையா? இரண்டு எளிய வழிகள் உள்ளன.

ஒன்று, ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதல். போனஸ் வரும்போது 25,093 ரூபாயை ஒதுக்கினால் போதும். கடன் சுமார் 3 ஆண்டு முன்னதாக முடியும். வட்டியில் சுமார் 5.4 லட்சம் மிச்சம்.

இரண்டு, சம்பள உயர்வோடு தவணையையும் ஆண்டுக்கு 5 சதவீதம் கூட்டுவது. இரண்டாம் ஆண்டில் மாதம் 1,255 ரூபாய்தான் கூடும். இப்படியே போனால் 20 ஆண்டுக் கடன் 12 ஆண்டு 4 மாதத்தில் முடிந்துவிடும். மொத்த வட்டி 30.2 லட்சத்திலிருந்து சுமார் 19.6 லட்சமாகக் குறையும்.

கூடுதல் பணம் கட்டும்போது மறக்காமல் சொல்லுங்கள்: "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்." எழுத்தில் கேட்டு, புதிய அட்டவணையை வாங்கிக்கொள்ளுங்கள்.

அதே நேரம் கையில் உள்ள கடைசி ரூபாயையும் கடனில் போடக் கூடாது. ஆறு மாதத் தவணையும் வீட்டுச் செலவும் தனியாக இருக்கட்டும். வேலை போனால் கூடுதலாகக் கட்டிய பணத்தைத் திருப்பிக் கேட்க முடியாது. தவணை 90 நாட்களுக்கு மேல் நின்றுபோனால் கடன் வாராக்கடன் ஆகும். 2002-ம் ஆண்டு சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, நீதிமன்றத்தில் வழக்குப் போடாமலேயே வீட்டைக் கையகப்படுத்தும் நடவடிக்கையை வங்கி தொடங்கலாம்.

பழைய கடனாளிகளுக்கு ஒரு சொல். உங்கள் வங்கி புதிதாக வருபவருக்கு என்ன வட்டி சொல்கிறது என்று விசாரியுங்கள். உங்களைவிட அரை சதவீதம் குறைவு என்றால் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள். 30 லட்சம், 20 ஆண்டுக் கடனில் 8.5 சதவீதத்துக்கும் 8 சதவீதத்துக்கும் உள்ள வித்தியாசம் மொத்தம் 2.26 லட்சம். வேறு வங்கிக்கு மாறுவது என்றால் அங்கே மறுபடியும் கட்டணங்கள், பதிவுச் செலவு உண்டு. அதைக் கழித்துவிட்டு மிச்சம் இருக்கிறதா என்று பாருங்கள்.

கையெழுத்துக்கு முன் எதைக் கேட்டு வாங்க வேண்டும்?

2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைக் கடன்கள் அனைத்துக்கும் "முக்கிய விவரங்கள் அறிக்கை" தருவது கட்டாயம். அது கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும். தயங்காமல் தமிழில் கேளுங்கள். அதில் மூன்று இடங்களைப் பாருங்கள்.

முதலாவது, ஆண்டு சதவீத விகிதம். வட்டியோடு செயல்முறைக் கட்டணம், காப்பீடு, சட்டச் செலவு போன்று கடன் தருபவர் வசூலிக்கும் எல்லாவற்றையும் சேர்த்துப் போட்ட விகிதம் இது. இரண்டு வங்கிகளை ஒப்பிட இதைப் பயன்படுத்துங்கள், விளம்பரத்தில் உள்ள வட்டியை அல்ல.

இரண்டாவது, திருப்பிச் செலுத்தும் அட்டவணை. 240 மாதமும் எவ்வளவு வட்டி, எவ்வளவு அசல் என்று அதில் இருக்கும். கடைசி வரிக்குப் போய் மொத்த வட்டியைக் கூட்டிப் பாருங்கள்.

மூன்றாவது, கட்டணப் பட்டியல். அந்த அறிக்கையில் இல்லாத எந்தக் கட்டணத்தையும் உங்கள் வெளிப்படையான சம்மதம் இல்லாமல் பின்னால் வசூலிக்க முடியாது.

அறிக்கை கிடைத்த பிறகு குறைந்தது மூன்று வேலை நாட்கள் யோசிக்க அவகாசம் உண்டு. "இன்னிக்கே சைன் பண்ணுங்க சார், ஆஃபர் முடியுது" என்றால் இதை நினைவில் வையுங்கள். அந்த மூன்று நாளில் வீட்டில் உட்கார்ந்து, மனைவியோடும் அப்பா அம்மாவோடும் அட்டவணையை ஒருமுறை வாசித்துவிடுங்கள். மாடிக்கு ஒரு அறை இப்போது வேண்டுமா, ஐந்து ஆண்டு கழித்துப் போட்டுக்கொள்ளலாமா என்ற பேச்சு அங்கேதான் வரும். குறைக்கும் ஒவ்வொரு லட்சமும் மொத்தக் கணக்கில் இரண்டு லட்சம்.

கடைசித் தவணை கட்டியதும் வேலை முடிந்துவிடவில்லை. கடன் முழுதும் அடைந்த 30 நாட்களுக்குள் வங்கி அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தங்கள் பக்கத் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள விதி. பத்திரத்தை வாங்கிய பிறகு, வில்லங்கச் சான்று போட்டு அடமானப் பதிவு நீங்கியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். அன்றைக்குத்தான் அந்த வீடு முழுசாக உங்களுடையது.